பிரான்ஸ்ல இருக்குற போவே கதீட்ரல் ரெண்டு தடவ சரிஞ்ச கதை

கல்லுல வளைவா கூரை போட்டா அது கீழ மட்டும் தான் அமுக்கும்னு நெனைப்போம், ஆனா பக்கவாட்டுலயும் தள்ளும். பெயின்ட் அடிக்க விரிக்கிற ரெட்டை ஏணிய டைல்ஸ் தரைல நிறுத்தி மேல ஏறுனா (தயவுசெஞ்சு ஏறாதீங்க) ரெண்டு காலும் வெளிய ஓடப் பாக்கும், நடுவுல கயிறு கட்டியிருந்தா தான் நிக்கும். சர்ச் கட்டுனவங்களுக்கு பல நூறு வருஷமா இதே தலைவலி தான்.

ரோமனெஸ்க்னு சொல்ற பழைய பாணி சர்ச்சுல இதுக்கு ஒரே வைத்தியம், செவுத்த தடியா கட்டு, ஜன்னல சின்னதா வை. உள்ள போனா பட்டப்பகல்லயும் இருட்டு. 1144ல பாரிஸ் பக்கத்துல சென் தெனி மடத்துல சூஜேங்கிற மடத்தலைவர் புதுசா கட்டுன பகுதிய திறந்தாங்க, கூர் வளைவு, மெல்லிசான தூண், பெரிய பெரிய வண்ணக் கண்ணாடி, கோதிக் பாணின்னு இன்னைக்கு சொல்றது அங்க இருந்து தான் கெளம்புச்சு. அரைவட்ட வளைவ விட கூர் வளைவு பக்கத்துல தள்றது கம்மி, பாரத்த செங்குத்தா கீழ எறக்கிவிடும்.

மிச்ச தள்ளலுக்கு தான் வெளிய இருந்து முட்டு. செவுத்துல இருந்து கொஞ்சம் தள்ளி ஒரு தடிமனான கல் தூண், அதுல இருந்து பாதி வளைவு ஒன்னு கை நீட்டுன மாதிரி வந்து செவுத்த தாங்கிப் பிடிக்கும். அந்தத் தூண் தலைல கூம்பா ஒரு கல் கோபுரம் இருக்கும், அழகுக்குன்னு நெனைச்சா ஏமாந்தோம், அதோட வெயிட் தான் பக்கவாட்டுல வர்ற தள்ளல கீழ திருப்பி தூண் சாயாம பாத்துக்குது.

இந்த டெக்னிக் கைக்கு வந்ததும் ஊருக்கு ஊரு உயரப் போட்டி. பாரிஸ் நோத்ர தாம் கூரை சுமார் 33 மீட்டர், அமியான் ஊரு கதீட்ரல் 42. போவேல 1225ல ஆரம்பிச்சு 48 மீட்டர் வரைக்கும் ஏத்திட்டாங்க, 1272ல பலிபீடப் பகுதி முடிஞ்சுது, 1284ல கூரைல ஒரு பகுதி இடிஞ்சு விழுந்துருச்சு! தூணுக்கு நடுவுல இடைவெளி ஜாஸ்தி, காத்து, அஸ்திவாரம்னு ஆளுக்கு ஒரு காரணம் சொல்றாங்க. திருப்பி கட்டும்போது ரெண்டு தூணுக்கு நடுவுல இன்னொரு தூண் சொருகினாங்க, இன்னைக்கு போனாலும் அந்த நெருக்கம் கண்ணுல படும்.

அப்பவாவது அடங்குனாங்களா, இல்ல. 1569ல நடுவுல 153 மீட்டர் கோபுரம், ஆனா மேற்குப் பக்கம் தாங்க வேண்டிய நடுக்கூடத்தையே (ஜனங்க கூடுற நீளமான பகுதி) இன்னும் கட்டல, ஒரு பக்கம் முட்டே இல்லாம நின்னுச்சு, 1573ல அதுவும் போச்சு. ஜனங்க ஊர்வலமா வெளிய போயிருந்ததால பெரிய சாவு இல்ல.

நடுக்கூடம் கடைசி வரைக்கும் வரவே இல்ல, அது வர வேண்டிய இடத்துல அதுக்கு முன்னாடி இருந்த குட்டி சர்ச் இன்னும் நிக்குது. 1960கள்ல வெளிமுட்டுங்கள எணைச்ச பழைய இரும்புக் கம்பிய தேவையில்லன்னு கழட்டிட்டாங்க, காத்தடிச்சா முட்டுங்க ஆட ஆரம்பிச்சுது, மறுபடி கம்பி மாட்டினாங்க.