ஒகரினா புல்லாங்குழல் அல்ல

‘காலத்தின் புல்லாங்குழல்.’ போன வாரம் மறுபடியும் ஒரு காணொளியில் காதில் விழுந்தது. முதல் தடவை கேட்டபோது சிரித்தேன், அடுத்த தடவை பொறுத்துக்கொண்டேன். இனி முடியாது.

நிண்டெண்டோ நிறுவனத்தின் ‘செல்டா’ வீடியோ கேம் வரிசையில் 1998இல் வந்த ‘ஒகரினா ஆஃப் டைம்’ விளையாட்டைத்தான் அப்படித் தமிழாக்குகிறார்கள். ஹைரூல் என்ற கற்பனை நாட்டில் அரச குடும்பம் காத்துவரும் புனிதப் பொருள் அந்த ஒகரினா என்ற ஊதுகருவி. நீல நிறம், வாய் வைத்து ஊதும் இடத்தில் மூன்று முக்கோணங்கள் கூடிய தெய்வச் சின்னம். கோயிலில் மூன்று மணிக்கற்களை வைத்து, உரிய பாட்டை அதில் வாசித்தால் காலக்கதவு திறக்கும். உள்ளே இருக்கும் வாளை உருவுகிற சிறுவன் ஏழு ஆண்டு கழித்து இளைஞனாகக் கண்விழிக்கிறான். இன்னொரு பாட்டு பகலை இரவாக்கும், இரவைப் பகலாக்கும்.

சொல்லின் பிறப்பு எளிது. இத்தாலிய மொழியில் ‘ஓகா’ என்றால் வாத்து, ‘ஒகரினா’ குட்டி வாத்து. மண்ணால் செய்த உருண்டை உடம்பும் நீட்டிய மூக்கும் பார்க்க அப்படித்தான் இருக்கும். 19ஆம் நூற்றாண்டின் நடுவில் பூத்ரியோ என்ற ஊரில் ஜுசெப்பே தோனாத்தி இன்றைய வடிவத்தைக் கொடுத்தார். அவ்வளவுதான்.

சரி, புல்லாங்குழல் என்றால் என்ன தப்பு? இரண்டையும் ஊதுகிறோம், இரண்டிலும் துளை இருக்கிறது என்பார்கள். அப்படிப் பார்த்தால் சங்கும் புல்லாங்குழல்தான். வெளியே வைரம் பாய்ந்தது புல், உள்ளே வைரம் பாய்ந்தது மரம் என்று தொல்காப்பியம் பிரிக்கிறது. அந்தக் கணக்கில் மூங்கில் புல். புல்லால் ஆன குழல் புல்லாங்குழல். பொருளையும் வடிவத்தையும் சேர்த்துச் சொல்கிற பெயர் அது. ஒகரினாவில் புல்லும் இல்லை, குழலும் இல்லை.

சிலர் ‘மண்குழல்’ என்று திருத்திப் பார்க்கிறார்கள். பாதிக் கிணறு தாண்டிய கதை. இங்கே மண்ணா மூங்கிலா என்பது பெரிய விஷயமே இல்லை, பிளாஸ்டிக்கில்கூட ஒகரினா செய்கிறார்கள். சிக்கல் ‘குழல்’ என்ற பாதியில் இருக்கிறது. குழலில் ஒலிப்பது நீண்ட காற்றுத்தம்பம், அதாவது தூண்போல நிற்கும் காற்று. துளையைத் திறந்தால் அந்தத் தம்பம் குறுகும், சுருதி ஏறும். அதனால் துளை எந்த இடத்தில் இருக்கிறது என்பதுதான் எல்லாம். ஒகரினாவில் தம்பமே கிடையாது. மூடிய கலத்துக்குள் இருக்கும் காற்று மொத்தமாக அதிர்கிறது. திறந்திருக்கும் துளைகளின் மொத்தப் பரப்பு கூடினால் சுருதி ஏறும், துளை இங்கே இருக்கிறதா அங்கே இருக்கிறதா என்பதைக் கருவி பெரிதாகக் கண்டுகொள்ளாது. புல்லாங்குழலில் ஊதும் வேகத்தைக் கூட்டினால் அதே விரலமைப்பில் மேல் ஸ்தாயி வரும். ஒகரினாவில் அப்படி ஏற முடியாது. ஆக, ஒலி பிறக்கிற விதமே வேறு. இதை எப்படிக் குழல் என்பது?

அதனால் நான் ‘ஊதுகலம்’ என்பேன். கலம் என்றால் பாத்திரம். கப்பல், நகை, முகத்தலளவை என்று அதற்கு வேறு பொருள்களும் உண்டுதான், ஆனால் கப்பலையும் நகையையும் யாரும் ஊதப் போவதில்லை. சீனர்களின் முட்டை வடிவ மண்கருவியான ‘சுன்’ என்பதும் இதே இனம் என்பதால் இனப்பெயராகவும் நிற்கும். ‘குட்டி வாத்து’ என்று நேராகப் பெயர்க்கலாமே என்று ஒரு நண்பர் கேட்டார். அவரோடு இன்னும் பேசிக்கொண்டுதான் இருக்கிறேன்.

ஆங்கில மொழிபெயர்ப்பாளர்களும் யோக்கியர்கள் இல்லை. இதே வரிசையில் 1991இல் வந்த விளையாட்டில் ஜப்பானிய மூலம் தெளிவாக ஒகரினா என்றது, ஆங்கிலத்தில் அது புளூட் ஆகிவிட்டது. அகராதியில் ‘புல்லாங்குழல் போன்ற’ என்று பார்த்ததும் ‘போன்ற’வை உதிர்த்துவிடுகிற பழக்கம் எல்லா மொழியிலும் இருக்கிறது போல. நம்மவர்கள் ஒரு படி மேலே போய், 1998 விளையாட்டில் ஷீக் என்ற பாத்திரம் மீட்டுகிற ஹார்ப்பை வீணை என்கிறார்கள். வீணையில் மெட்டுகள் உண்டு, ஒரே தந்தியில் பல சுரம் பிடிக்கலாம். ஹார்ப்பில் தந்திக்கு ஒரு சுரம். அது யாழ். சொந்த வீட்டில் சொல் இருக்கும்போது அதை விட்டுவிட்டு வேறொன்றை எடுப்பது சோம்பல், வேறில்லை.

‘காலம்’ என்ற சொல்லில் மட்டும் குறை சொல்ல மாட்டேன். நேரம் என்று போட்டிருந்தால் கெட்டிருக்கும். முதல் காலம், இரண்டாம் காலம் என்று பாட்டின் வேகத்தையும் நாம் காலம் என்றுதானே சொல்கிறோம். இதன் தொடர்ச்சியாக 2000இல் வந்த விளையாட்டில், காலக்கதவைத் திறந்த அதே காலப்பாட்டைத் தலைகீழாக வாசித்தால் கடிகாரம் மெதுவாகும். விளம்பகாலம் என்று நாம் சொல்வது அங்கே அப்படியே நடக்கிறது! இசையையும் கடிகாரத்தையும் கட்டிப்போட ஆங்கிலத்துக்கு ஒரு கதை தேவைப்பட்டது, தமிழுக்கு ஒரு சொல்லே போதும். ஆனால் ‘காலத்தின் கோயில், காலத்தின் கதவு, காலத்தின் பாட்டு’ என்று ஒவ்வொன்றிலும் அந்த ‘இன்’ எதற்கு? காலக்கோயில், காலக்கதவு, காலப்பாட்டு என்றால் வாய்க்கும் சுகம். அந்த வரிசையில் இதுவும் கால ஊதுகலம்.

இன்னொன்று. 1998 விளையாட்டில் ‘தொலைந்த காடு’ என்ற இடத்தில் ‘ஸ்கல் கிட்’ எனப்படும் இரண்டு குட்டிப் பாத்திரங்கள் ஒரு மெட்டை ஊத, நாயகன் அதைத் தன் கருவியில் திருப்பி வாசிக்கும் இடம் ஒன்று வரும். எல்லாமே புல்லாங்குழல் என்று எழுதிவிட்டால் அங்கே என்ன செய்வது? அந்தக் குட்டிகள் கையில் இருப்பது நிஜமாகவே நீளக் குழல். அதைப் புல்லாங்குழல் என்று தாராளமாக எழுதட்டும்.