காசு வருவதற்கு ஓடிபி எதற்கு?

அரசின் அஸ்வெசும நலன்புரிக் கொடுப்பனவும் உர மானியமும் வங்கிக் கணக்குக்குத்தான் வருகின்றன. கணக்கிலக்கத்தைப் பிரதேச செயலகத்திலோ கமநல சேவை நிலையத்திலோ ஏற்கெனவே கொடுத்திருப்பீர்கள். கணக்கில் காசு போட அந்த இலக்கம் போதும். ஓடிபி, அதாவது கைபேசிக்கு வரும் ஒருமுறை இரகசிய இலக்கம், கேட்பது காசு வெளியே போகும்போதோ கணக்குக்குள் நுழையும்போதோதான். ‘உங்கள் நிலுவைப் பணம் தயார், ஓடிபியைச் சொல்லுங்கள்’ என்பவர் எடுக்க வந்தவர், கொடுக்க வந்தவரல்ல. ‘ஜீ.எஸ். (கிராம சேவகர்) பேசுறன்’ என்றாலும் அழைப்பைத் துண்டியுங்கள். உங்களிடம் உள்ள அவருடைய இலக்கத்துக்கு நீங்களே எடுத்துக் கேளுங்கள்.

‘எஸ்எம்எஸ் வங்கிப் பெயரில்தானே வந்தது’ என்று பலர் ஏமாறுகிறார்கள். அந்தப் பெயர், 11 எழுத்துக்குள் அனுப்புபவர் பக்கம் இடப்படுகிற ஒன்று. கைபேசி அதைச் சரிபார்க்காது. ஒரே பெயரில் வருவதையெல்லாம் ஒன்றன்கீழ் ஒன்றாக அடுக்கிவிடும். போன மாதம் வங்கி அனுப்பிய உண்மைச் செய்திக்குக் கீழேயே பொய்யும் வந்து குந்திவிடலாம். செய்திக்குள் போட்டிருக்கும் ‘சரி’ அடையாளமும் வெறும் எழுத்துத்தான், யார் வேண்டுமானாலும் போடலாம்.

லிங்க் இருந்தால் அழுத்தாமல் வாசியுங்கள். தொடக்கத்தில் வரும் இரட்டைச் சாய்கோட்டை விட்டு, அடுத்த ஒற்றைச் சாய்கோட்டைத் தேடுங்கள். அதற்குச் சற்று முன்னால் இருப்பதுதான் உண்மையான விலாசம். அரச தளமென்றால் அந்த இடத்தில் பெரும்பாலும் ‘டொட் ஜிஓவி டொட் எல்கே’ இருக்கும். முன்னுக்குத் தபால் திணைக்களத்தின் பெயர் இருந்து, அந்த இடத்தில் ‘டொட் டொப்’ என்று முடிந்தால் அது வேறு யாருடையதோ. ‘பொதியின் விலாசம் பிழை, சிறு கட்டணம் செலுத்துங்கள்’ என்பவருக்கு அந்தச் சில்லறை முக்கியமில்லை. உங்கள் அட்டை இலக்கமும் பின்பக்கத்து 3 இலக்கமும்தான் வேண்டும்.

ஓடிபி வந்தால் அந்த இலக்கங்களோடு நிறுத்தாமல் முழுச் செய்தியையும் வாசியுங்கள். எந்தக் கடைக்கு, எவ்வளவு என்று பெரும்பாலும் அதிலேயே எழுதியிருக்கும்.

ஓடிபியைச் சொல்லிவிட்டீர்களா? அட்டையின் பின்பக்கத்தில் உள்ள வங்கியின் தொலைபேசி இலக்கத்துக்கு உடனே எடுத்து அட்டையையும் கணக்கையும் முடக்கச் சொல்லுங்கள். செய்தியை அழிக்க வேண்டாம். அனுப்பியவரும் நேரமும் தெரிய ஸ்கிரீன்ஷொட் எடுத்துப் பொலிஸில் முறைப்பாடு செய்யுங்கள். 2007ஆம் ஆண்டின் 24ஆம் இலக்கக் கணினிக் குற்றச் சட்டம் இருக்கிறது. இணைய மோசடி பற்றி, கணினிப் பாதுகாப்பைக் கவனிக்கும் அரச நிறுவனமான ஸ்ரீலங்கா சேர்ட்டின் 101க்கும், அஸ்வெசும சந்தேகங்களுக்கு 1924க்கும் எடுக்கலாம்.

இன்னொன்று, அம்மம்மாவின் கணக்குக்குப் பேரனின் சிம்மைக் கொடுத்திருந்து, அவன் வெளிநாடு போனபின் அதைக் கைவிட்டிருந்தால், வங்கிக்குப் போய் இலக்கத்தை மாற்றுங்கள். பாவிக்காத இலக்கத்தைக் கொம்பனி வேறொருவருக்குக் கொடுத்துவிடும். பிறகு அம்மம்மாவின் ஓடிபி அந்த ஆளுக்குத்தான் போகும்.