சுவருக்குள் அடைபடும் சூடு

கரண்ட் பாயும் எந்த வயரும் சூடாகும். திறந்த வெளியில் அந்தச் சூடு காற்றில் கலந்துவிடும். பைப்பில் போட்டுச் சுவரில் புதைத்துவிட்டால் அவ்வளவு எளிதில் வெளியேறாது. வீட்டு வயரின் சாதாரண பிவிசி உறை 70 டிகிரி செல்சியஸ் வரைதான் தொடர்ந்து தாங்கும். அதற்கு மேல் போனால் இளகும், நாளடைவில் விறைத்து விரிசல் விடும்.

கரண்ட் இரண்டு மடங்கானால் சூடு நான்கு மடங்காகும். அதனால்தான் லைட், ஃபேனுக்கு 1.5 சதுர மி.மீ., கீசர் போன்ற 16 ஆம்பியர் பிளக்குக்கு 2.5, ஏசிக்கு 4 என்று வயரைத் தேர்ந்தெடுக்கிறோம். 20 மி.மீ. பைப்பில் 2.5 வயர் ஐந்துக்கு மேல் திணிக்க வேண்டாம். நெருக்கினால் ஒன்றின் சூடு மற்றொன்றில் ஏறும், இழுக்கும்போது உறையும் உரசிக் கிழியும்.

மிகப் பெரிய ஆபத்து ஜாயின்ட்தான். 3000 வாட் கீசர் 230 வோல்ட்டில் சுமார் 13 ஆம்பியர் இழுக்கும். தளர்ந்த ஜாயின்ட்டின் மின்தடை வெறும் 0.1 ஓம் என்றாலும் அந்த ஓர் இடத்தில் 17 வாட் சூடு பிறக்கும். சின்ன சால்டரிங் அயர்னைச் சுவருக்குள் வைத்துப் பூசியதற்குச் சமம் அது. கரண்ட் அதே 13 ஆம்பியர்தான் என்பதால் எம்சிபி (கரண்ட் அளவு மீறினால் தானே விழுந்து இணைப்பைத் துண்டிக்கும் சுவிட்ச்) விழாது; கசிவு இல்லாததால் ஆர்சிசிபியும் (கரண்ட் கசிந்தால் விழும் சுவிட்ச்) விழாது. ஆகவே பைப்புக்குள் ஜாயின்ட் போடவே கூடாது. வயர் பற்றாவிட்டால் முழுநீள வயராக மாற்றுங்கள். தவிர்க்கவே முடியாத இணைப்பு, திறந்து பார்க்கக்கூடிய ஜங்ஷன் பாக்ஸில், ஸ்குரூ கனெக்டரில் இருக்கட்டும்.

எம்சிபி காப்பது வயரை. 1.5 வயருக்கு 10 ஆம்பியர், 2.5-க்கு 16 போதும். அடிக்கடி விழுகிறதென்று 32 ஆம்பியர் மாட்டினால் வயர் கருகும், எம்சிபி அசையாது.

பைப் புதைக்கச் சுவரில் காடி (நீளப் பள்ளம்) எடுக்கும்போது சுவரையும் கவனிக்க வேண்டும். நெட்டுக்காடி சுவர்க் கனத்தில் மூன்றில் ஒரு பங்கு, படுக்கைக் காடி ஆறில் ஒரு பங்குதான் ஆழம் போகலாம். நாலரை அங்குலச் சுவரில் படுக்கைக் காடிக்குக் கிடைப்பது 19 மி.மீ.; 20 மி.மீ. பைப்பே அதில் அடங்காது. அங்கே பைப்பை மேலிருந்து நேராக இறக்குங்கள். குறுக்குச்சாய்வாக ஓட்டினால், பின்னால் ஆணி அடிப்பவருக்கு அது எங்கே போகிறதென்று ஊகிக்கவே முடியாது.

பூச்சு காய்ந்த பிறகு வயர் இழுத்து, எதையும் மாட்டும் முன் 500 வோல்ட் மெக்கரால் (வயர் உறையின் மின்காப்பை அளக்கும் கருவி) சோதிக்க வேண்டும். பேஸ் (கரண்ட் வரும்) வயருக்கும் எர்த்துக்கும் இடையே மின்தடை ஒரு மெகா ஓமுக்குக் (பத்து லட்சம் ஓம்) குறைந்தால் எங்கோ உறை கிழிந்திருக்கிறது, அல்லது பைப்பில் ஈரம் நிற்கிறது.