இணைஞாயிற்று நாட்காட்டி: இரண்டு சூரியன் உள்ள உலகத்தில் தேதி சொல்வது எப்படி?

என் அக்கா மகள் காட்பாடியில் பதினொன்றாம் வகுப்பு படிக்கிறாள். ஒரு கதை எழுதிக்கொண்டிருக்கிறாள், அது நடக்கும் உலகத்தில் வானத்தில் இரண்டு சூரியன். ஒரு சூரியனையே தாங்க முடியாத கத்திரி வெயில் நாளில் வந்து, "மாமா, அங்க காலண்டருக்குத் தமிழ்ல என்ன பேர் வைக்கலாம்?" என்று கேட்டாள். நல்ல கேள்வி. ஒரு வாரம் அதோடுதான் இருந்தேன்.

முதலில் காலண்டர். லத்தீனில் 'கலண்டே' என்றால் மாதத்தின் முதல் நாள். பிறை தெரிந்ததும் ரோமானியப் பூசாரிகள் ஊர் கேட்கக் கூவி அறிவிப்பார்கள், கூவுதல் என்ற வினையிலிருந்துதான் அந்தப் பெயரே வந்தது. கடனுக்கு வட்டி கட்ட வேண்டிய நாளும் அதுவே என்பதால், 'கலண்டாரியம்' என்று கடன் கணக்குப் புத்தகத்தைச் சொன்னார்கள். ஆக, மளிகைக் கடையில் வாங்கி மாட்டித் தினம் ஒரு தாள் கிழிக்கிறோமே, அதன் பெயருக்குள் சூரியன் இல்லை, வட்டிதான் இருக்கிறது. நாள் + காட்டி = நாட்காட்டி என்பது அதைவிட நேரான சொல், எந்த உலகத்துக்கும் பொருந்தும். பஞ்சாங்கம் வேறு. ஆற்காடு பஞ்சாங்கம் கொடுங்கள் என்று எங்கள் பக்கம் பெயர் சொல்லிக் கேட்டு வாங்குவார்கள், அதற்குள் இருப்பவை திதி, வாரம், நட்சத்திரம், யோகம், கரணம் என்ற ஐந்து உறுப்புகள். சூரியன் ஒன்று, சந்திரன் ஒன்று என்று வைத்துப் போட்ட கணக்கு அது, அவள் உலகத்துக்கு அப்படியே எடுத்துப் போக முடியாது.

சரி, நாட்காட்டி இருக்கட்டும். இரண்டு சூரியனுக்கு என்ன சொல்வது? அவள் முதலில் எழுதியிருந்தது 'இருசுடர்'. அழகாக இருக்கிறது, ஆனால் பழந்தமிழில் இருசுடர் என்றால் சூரியனும் சந்திரனும்தான், தீயையும் சேர்த்தால் முச்சுடர். படிப்பவர்கள் நம் வானத்தையே நினைத்துக்கொள்வார்கள். அடுத்து நான் 'எல்' என்ற சொல்லைப் பிடித்தேன். எல் என்றால் ஒளி, சூரியன், பகல், மூன்றும். சூரியன் சாயும் பொழுதுக்கு எற்பாடு என்று பெயர் வந்தது இந்த எல்லிலிருந்துதான். உயிரெழுத்துக்கு முன்னால் இரண்டு 'ஈர்' ஆகும், ஈராண்டு மாதிரி, அப்படியானால் ஈரெல். இலக்கணம் சரி, ஆனால் வாய்விட்டுச் சொன்னால் ஈரல் என்றுதான் காதில் விழுகிறது, விட்டுவிட்டோம்.

கடைசியில் நின்றது ஞாயிறு. சூரியனுக்கு எவ்வளவு பழைய, எவ்வளவு நல்ல சொல், அதை விடுமுறை நாளுக்கு மட்டும் ஒதுக்கி வைத்துவிட்டோமே என்று எனக்கு எப்போதும் வருத்தம் உண்டு. ஜோடியாக இருப்பதற்கு இணை. இணைஞாயிறு, இணைஞாயிற்று நாட்காட்டி. இரட்டைச் சூரியன் என்று எழுதினாலும் தப்பில்லை, ஆனால் ஒட்டிப் பிறந்தது போன்ற ஒரு பொருள் அதில் தட்டுகிறது.

இப்படி ஓர் உலகம் வெறும் கற்பனையும் இல்லை. 2011ல் அறிவித்த கெப்ளர் 16பி என்ற கோள் இரண்டு விண்மீன்களையும் சேர்த்துச் சுற்றுகிறது. விண்மீன்கள் ஒன்றையொன்று சுற்ற 41 நாள், கோள் ஒரு சுற்று முடிக்க 229 நாள், எல்லாம் நம் நாள் கணக்கில். இணையாக இருக்கும் விண்மீன்களைப் பார்க்க நமக்கு வெகுதூரம் போகவும் வேண்டாம். ஆலங்காயத்திலிருந்து ஜவ்வாது மலை ஏறினால் காவலூர் வானாய்வகம். அங்கே 2.34 மீட்டர் தொலைநோக்கி 1986லிருந்து இருக்கிறது. ஒரு முறை போனபோது சின்னத் தொலைநோக்கி ஒன்றில் பார்க்க விட்டார்கள். கல்யாணத்தில் அருந்ததி காட்டுகிறோமே, அதன் பக்கத்தில் இருக்கும் வசிட்டர் அதில் இரண்டாகப் பிரிந்து தெரிந்தார். அன்றைக்கு நான் சாப்பிடக்கூட மறந்துவிட்டேன்.

அப்புறம் மாதம். திங்கள் என்ற சொல் நிலவிலிருந்து வந்தது, அவள் உலகத்தில் நிலவு கிடையாது. அமாவாசை என்ற வடசொல்லுக்கு நேர்ப்பொருள் கூடி உறைதல், அதாவது சூரியனும் சந்திரனும் ஒரே இடத்தில் இருப்பது. அதே யோசனையில் சின்ன ஞாயிறு பெரியதன் முன்னால் வந்து இரண்டும் ஒன்று சேர்வதைக் கூடல் என்றும், அதிகம் விலகி நிற்பதை ஊடல் என்றும் வைத்தோம். இது அவள் கண்டுபிடித்தது, எனக்குத் தோன்றவே இல்லை. கெப்ளர் 16பியில் நின்று பார்ப்பதாக வைத்துக்கொண்டால், சின்ன ஞாயிறு பெரியதன் முன்னால் வருவது 41 நாளுக்கு ஒரு முறை அல்ல, கிட்டத்தட்ட 50 நாளுக்கு ஒரு முறை, ஏனென்றால் அவை சுற்றி முடிப்பதற்குள் கோளும் கொஞ்சம் நகர்ந்துவிடுகிறது. 229 நாள் ஆண்டில் நாலரைக் கூடலுக்குச் சற்று மேல் வரும், முழுசாகப் பொருந்தாது. நிலவை வைத்து எண்ணும் நம் பன்னிரண்டு சாந்திர மாதமும் ஆண்டுக்குச் சுமார் 11 நாள் குறைந்துதானே நிற்கிறது, அதைச் சரிக்கட்ட 'அதிக மாதம்' என்று ஒன்றைச் சேர்க்கிற மாதிரி அவள் உலகத்தில் மிகுகூடல்.

கிழமை என்றால் உரிமை. ஞாயிற்றுக்கிழமை ஞாயிற்றுக்கு உரிய நாள். கெப்ளர் 16ல் சின்னது சிவப்பு, பெரியது ஆரஞ்சு, அதனால் செஞ்ஞாயிறு, பொன்ஞாயிறு என்று பெயர் வைத்திருக்கிறாள். இரண்டுக்கும் தனித்தனிக் கிழமை உண்டு, இரண்டு நாளும் பள்ளிக்கூடம் கிடையாது.