சீனியாரிட்டி: பணிமூப்பா, முதுநிலையா, முன்னுரிமையா?

"என்ற சீனியாரிட்டி அடிபட்டுப் போச்சுங்க." பதவி உயர்வுப் பட்டியல் வெளியாகும் வாரத்தில் ஈரோடு, திருப்பூர்ப் பக்கம் எந்த அரசு அலுவலக வராண்டாவிலும் காதில் விழும் பேச்சு இது. அடிபட்டது என்ன என்று கேட்டால் "பதினெட்டு வருச சர்வீஸ்" என்பார்கள். உண்மையில் அடிபட்டது பட்டியலில் ஒரு வரிசை எண்.

சொல்லிலேயே இந்த மயக்கம் இருக்கிறது. லத்தீனில் 'செனெக்ஸ்' என்றால் கிழவர். 'சீனியர்' என்றால் இன்னொருவரைவிட வயதில் மூத்தவர். ஒப்பீடு இல்லாமல் சீனியர் இல்லை. வாய்க்கு வாய் சொல்கிற 'சார்' கூட இதே சொல் பிரெஞ்சிலும் ஆங்கிலத்திலும் தேய்ந்து வந்ததுதான்.

தமிழில் இதற்கு நேர் வேர் 'மூ': மூத்தல், மூத்தோன், மூப்பு. ஒரு குடியில் பிறந்தவர்களுள்ளும் 'மூத்தோன் வருக' என்று அழைக்காமல், அறிவுடையோன் வழியில்தான் அரசு செல்லும் என்கிறது புறநானூறு 183. தகுதியா மூப்பா என்ற வழக்கு அன்றைக்கே நடந்திருக்கிறது.

அலுவலகக் கோப்புகளில் மூன்று சொற்கள் புழங்குகின்றன. 'முதுநிலை' பதவிப் பெயரோடும் (முதுநிலை வருவாய் ஆய்வாளர்) மேற்படிப்போடும் ஒட்டிக்கொண்டுவிட்டது. வரிசையைக் குறிக்க அது தெளிவாக உதவாது. 'முன்னுரிமைப் பட்டியல்' என்பது தவறு. முன்னுரிமை என்பது வரிசையைத் தாண்டி ஒருவரை முன்னே அழைப்பது, அதாவது சீனியாரிட்டியின் எதிர்ப்பக்கம். 'பணிமூப்பு' தான் சரி. வேலைவாய்ப்பு அலுவலகம் 'பதிவுமூப்பு' என்று சொல்லிப் பழக்கிவிட்டதால் யாருக்கும் விளக்கத் தேவையில்லை.

ஆனால் பணிமூப்பு என்றால் பணிசெய்த ஆண்டுகளின் கூட்டல் என்று எண்ணிவிடக் கூடாது. ஒரே தேர்வில் 12ஆம் இடம் பெற்றவர் ஒரு மாதம் தாமதமாகவும் 40ஆம் இடம் பெற்றவர் முன்னதாகவும் வேலையில் சேர்ந்தால், 12ஆம் இடத்தார்தான் மூத்தவர். நேரடி நியமனத்தில் தேர்வாணையப் பட்டியலின் இடமே கணக்கு. இடஒதுக்கீட்டின்படி எந்த இடம் எந்தப் பிரிவினருக்கு என்று காட்டும் இனச்சுழற்சிப் புள்ளியை வைத்து வரிசை போட வழிசெய்த, தமிழ்நாடு அரசு ஊழியர் பணி நிபந்தனைகள் பற்றிய 2016ஆம் ஆண்டுச் சட்டத்தின் பிரிவைச் சென்னை உயர் நீதிமன்றம் 2019இல் செல்லாதென்றது. 2021இல் உச்ச நீதிமன்றமும் அதில் தலையிடவில்லை. பல துறைகளில் பழைய வரிசை புரண்டது இதனால்தான். பழைய பணி விதி எண்ணை வைத்து 'பத்து ஏ ஒன்' என்று இன்னும் வாய்வழக்கில் இருக்கும் தற்காலிக நியமனக் காலம், விதிப்படி அமையாத இடைக்கால ஏற்பாடாக இருந்தால் மூப்பில் சேராது. 1990இல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வே இதைச் சொல்லிவிட்டது. சொந்த விருப்பத்தில் ஒருவழி மாறுதல் வாங்கி வேறு மாவட்டம் போகிறவர் அங்கே கடைசி ஆளுக்கும் கீழே நிற்பார். ஊருக்குப் பக்கத்தில் வந்த சந்தோஷத்தில் பலர் இதைக் கவனிப்பதில்லை. மாவட்டம் பிரியும்போது வேறு சிக்கல். கோவை, ஈரோடு இரண்டிலிருந்தும் பிரித்து 2009இல் திருப்பூர் அமைந்ததுபோல் நடந்தால், இரண்டு பட்டியல்காரர்களை ஒரே வரிசையில் நிறுத்த வேண்டும்.

நியாயமான நடைமுறை என்பதற்குச் சட்டத்தில் 'இயற்கை நீதி' என்று பெயர். முதலில் உத்தேசப் பட்டியல் வர வேண்டும். அதில் தேர்வாணைய வரிசை எண், சேர்ந்த நாள், பணிவரன்முறை (நியமனத்தை முறைப்படுத்திய) நாள், தகுதிகாண் பருவம் முடித்த நாள் இருக்க வேண்டும். பெயரை மட்டும் அடுக்கினால் ஆட்சேபிக்க வழியில்லை. பிறகு குறிப்பிட்ட நாளுக்குள் எழுத்தில் ஆட்சேபணை, அதற்குக் காரணம் கூறும் ஆணை, அப்புறம்தான் இறுதிப் பட்டியல். ஏற்கெனவே இடம் உறுதியான ஒருவரைக் கீழே இறக்குவதானால் அவருக்குத் தனி அறிவிப்பு வேண்டும். ஒருவர் உரிமையைப் பாதிக்கும் ஆணை நிர்வாக ஆணையே ஆனாலும் அவரைக் கேட்காமல் போடக் கூடாது என்று உச்ச நீதிமன்றத்தில் பினாபாணி தேய் வழக்கில் 1967இலேயே தீர்ப்பாகிவிட்டது. பட்டியல் தயாரிக்கும் பிரிவிலேயே போட்டியாளர் உட்கார்ந்திருக்கவும் கூடாது. தேர்வுக் குழுவில் போட்டியாளரே உட்கார்ந்ததைத்தான் உச்ச நீதிமன்றம் கிரைபக் வழக்கில் (1969) கண்டித்தது.

சுற்றுக்கு வரும் பட்டியலில் கையெழுத்துப் போடும்போது 'பார்வையிட்டேன், ஆட்சேபணை தனியே' என்று தேதியோடு எழுதுங்கள். வெறும் கையெழுத்தைப் பின்னால் சம்மதமாகக் காட்டுவார்கள். 2016 சட்டத்துக்கு முந்தைய பணி விதிகளில் விதி 35, வரிசையைத் திருத்தக் கோர 3 ஆண்டு கெடு வைத்திருந்தது. உண்மைத் தவறுகளைத் திருத்துவதற்கு மட்டும் அந்தக் கெடு இல்லை. பணியில் இளையவருக்குப் பதவி உயர்வு போனால் ஆறு மாதம், மிஞ்சினால் ஓராண்டுக்குள் நீதிமன்றம் வர வேண்டும் என்றது தமிழ்நாட்டு வழக்கான சதாசிவசுவாமி வழக்கு (1974).

அரசு ஊழியர் வழக்குகளை விசாரித்த மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இப்போது இல்லை; உயர் நீதிமன்றம்தான். கோவை, ஈரோடு, நாமக்கல்காரர்கள் சென்னைக்கும், கரூர்க்காரர்கள் மதுரைக் கிளைக்கும் போக வேண்டும். மனுவில் அரசை மட்டும் எதிர்மனுதாரராகப் போடுவதுதான் அதிகம் நடக்கும் பிழை. உங்கள் பெயர் மேலே ஏறினால் யார் யார் கீழே இறங்குவார்களோ, அவர்களில் சிலரையாவது சேர்க்க வேண்டும். அவர்களுக்கும் அதே இயற்கை நீதி உண்டு.