சூப்தானே என்று ஊற்றிக் குடிக்காதீர்கள்: மாவுச்சத்து குறைந்த பீஃப் காய்கறி சூப்

இங்கே தென்னாப்பிரிக்காவில் மே மாதம் முடிந்து குளிர் இறங்கியதும் சர்க்கரை நோயாளிகளின் உணவுக் குறிப்பேடுகளில் ஒரே வரி திரும்பத் திரும்ப வரத் தொடங்கிவிடும். "இரவு: பீஃப் காய்கறி சூப். சோறு இல்லை." அதற்கு நேரே, இரண்டு மணி நேரம் கழித்து விரலில் குத்திப் பார்த்த அளவு: 13, 14, சில நாள் 15 mmol/L. சோற்றைத் தொடவே இல்லையே, மாத்திரை வேலை செய்யவில்லையா என்ற கேள்வியும் கூடவே வரும். மாத்திரை தன் வேலையைச் செய்துகொண்டுதான் இருக்கிறது. தப்பு பானைக்குள் இருக்கிறது. நம்மவர் வாழும் சாட்ஸ்வொர்த்திலும் ஃபீனிக்ஸிலும் லெனேஷியாவிலும் வீட்டுக்கு வீடு வைக்கும் சூப் ஏறக்குறைய ஒன்றுதான் என்பதால் இதை எழுதி வைத்துவிடலாம் என்று தோன்றியது.

அந்தப் பானையில் என்ன போகிறது என்று ஒரு முறை நிதானமாகக் கூட்டிப் பாருங்கள். பார்லி, உடைத்த பட்டாணி, பருப்பு எல்லாம் கலந்து விற்கும் சூப் மிக்ஸ் அரைப் பாக்கெட், அதாவது 250 கிராம். அதில் மட்டும் சுமார் 125 கிராம் மாவுச்சத்து. நடுத்தர உருளைக்கிழங்கு மூன்று: 70 கிராம். பட்டர்நட் பூசணி அரை கிலோ: 45 கிராம். கேரட் 300 கிராம்: 20 கிராம். கடைசியில் "கெட்டியாகட்டும்" என்று கரைத்து ஊற்றும் சூப் பவுடர் ஒரு பாக்கெட்: கிட்டத்தட்ட 30 கிராம். மொத்தம் 290. ஆறு கிண்ணமாகப் பிரித்தால் கிண்ணத்துக்கு 48 கிராம். ஒரு கப் சோற்றில் இருப்பது சுமார் 45. சோற்றை ஒதுக்கிவிட்டு ஒரு கப் சோற்றையே கரண்டியால் குடித்திருக்கிறோம். தொட்டுக்கொள்ள இரண்டு துண்டு ரொட்டி எடுத்தால் இன்னும் 30 கிராம்.

என்னை மிகவும் வருத்தும் எண்ணம் ஒன்று உண்டு: சூப் கெட்டியாக இருந்தால்தான் சத்து, தண்ணியாக இருந்தால் நோயாளிக்குக் கொடுப்பது. ஆயா காலத்திலிருந்து வருகிற எண்ணம் இது. அதனால் இதைக் கொஞ்சம் விரித்தே சொல்ல வேண்டும். சூப் மூன்று வழிகளில் கெட்டியாகும். முதலாவது மாவு. பார்லி, உருளைக்கிழங்கு, சோளமாவு, சூப் பவுடர் எல்லாம் இந்த வழிதான். மாவுத் துகள் சூடான நீரைக் குடித்து உப்பி வெடிக்கிறது, குழம்பு கூழாகிறது. இரண்டாவது, எலும்பு ஒட்டிய இறைச்சியில் இருக்கும் கொலாஜன் என்ற புரதம் மெல்ல மெல்ல உருகி ஜெலட்டின் ஆவது. மூன்றாவது, வேக வைத்த காயை மசித்துக் கலப்பது. வாயில் மூன்றும் ஒரே மாதிரிதான் இருக்கும். சர்க்கரைமானிக்கு முன்னால் முதலாவது முற்றிலும் வேறு. கெட்டித் தன்மைக்கும் சத்துக்கும் சம்பந்தமில்லை. ஆடி மாதம் மாரியம்மன் கோயிலில் ஊற்றும் கூழைக் கூழ் என்று தெரிந்தே குடிக்கிறோம், அன்றைக்கு அளவோடு நிறுத்தவும் செய்கிறோம். சூப் என்று பெயர் வைத்ததும் அந்தக் கணக்கு மறந்துபோகிறது.

"உருளைக்கிழங்கைக் கொதிக்கவிட்டுக் கடைசியில் எடுத்துவிடுகிறேன்" என்று சிலர் சமாதானம் சொல்வார்கள். உங்களுக்கு அதில் கெட்டித் தன்மை கிடைத்தது என்றால் மாவு குழம்பில் இறங்கிவிட்டது என்றுதான் அர்த்தம்.

பார்லியைத் திட்டுகிறேன் என்று நினைக்க வேண்டாம். அது சர்க்கரையை மெதுவாகத்தான் ஏற்றும், நார்ச்சத்தும் உண்டு. அளவு தெரிந்து சாப்பிடுபவருக்கு நல்ல தானியம். ஆனால் மாவுச்சத்தைக் குறைக்கும் சாப்பாடு, பேன்டிங், லோ கார்ப் என்று சொல்லிக்கொண்டு அரைப் பாக்கெட்டைக் கொட்டுவது சரியில்லை. வில்லியம் பேன்டிங் 1863-இல் தன் எடை குறைந்த முறையை எழுதி வெளியிட்டபோதே ரொட்டி, சர்க்கரை, பியர், உருளைக்கிழங்கைத்தான் விலக்கச் சொன்னார். அவர் பெயரை வைத்த சாப்பாட்டில் உருளைக்கிழங்கு எப்படி வந்தது?

லேபிள் படிப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. இங்கே தென்னாப்பிரிக்கப் பாக்கெட்டுகளில் "கிளைசீமிக் கார்போஹைட்ரேட்" என்று போட்டிருந்தால் அதில் நார்ச்சத்து ஏற்கெனவே கழிக்கப்பட்டிருக்கிறது. அமெரிக்க வலைத்தளங்கள் சொல்கிறபடி அதிலிருந்து மறுபடியும் நாரைக் கழித்தால் கணக்கு பொய்யாகிவிடும். நிறையப் பேர் இதில் சறுக்குகிறார்கள்.

இனி நல்ல சூப். ஆறு கிண்ணத்துக்குச் சொல்கிறேன்.

இறைச்சிக்கு எலும்போடு குறுக்கே வெட்டிய ஷின் (மாட்டின் கீழ்க்கால்) ஒரு கிலோ. ஆக்ஸ்டெயிலும் (வால்) சரி, பிரிஸ்கெட்டும் (நெஞ்சு) சரி. ரம்ப், டாப்சைடு போன்ற கொழுப்பில்லாத துண்டுகளை வாங்காதீர்கள். அவற்றில் கொலாஜன் குறைவு. எவ்வளவு நேரம் வைத்தாலும் மிருதுவாகாமல் நாரு நாராகப் பிரிந்து, வாயில் பஞ்சு மாதிரி நிற்கும். மேரோ எலும்பு இரண்டு கிடைத்தால் சேருங்கள். மாடு சமைக்காத வீடுகளில் மட்டன் கழுத்தும் முழங்கால் எலும்பும் இதே வேலையைச் செய்யும். முற்றிய முட்டைக்கோழியும் செய்யும். பிராய்லர் செய்யாது, அரை மணியில் கரைந்துவிடும், குழம்பில் உடம்பு இருக்காது.

இறைச்சியைத் துணியால் ஒற்றி ஈரம் போகத் துடையுங்கள். கனமான பானையில் ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் நன்றாகக் காய்ந்ததும் இரண்டு தவணையாகப் போட்டு, ஒவ்வொரு பக்கமும் நாலைந்து நிமிடம் நல்ல பழுப்பு நிறம் வரும் வரை கிளறாமல் விடுங்கள். ஒரேயடியாகப் பானையை நிரப்பினால் நீர் விட்டுக்கொண்டு வெந்துவிடும், வதங்காது. சூப்பின் சுவையில் பாதி இந்தப் பழுப்பில்தான் இருக்கிறது. சூப் பவுடர் இல்லாமல் ருசியே இல்லை என்று சொல்பவர்களில் பெரும்பாலோர் இந்தப் பதினைந்து இருபது நிமிடத்தைத்தான் விட்டுவிடுகிறார்கள். இறைச்சியை எடுத்துவிட்டு அதே பானையில் ஒரு வெங்காயம், நாலு பல் பூண்டு, கட்டைவிரல் அளவு இஞ்சி, இலையோடு இரண்டு செலரித் தண்டு ஆகியவற்றை நறுக்கிப் போட்டு வதக்குங்கள். ஒரு துண்டு பட்டை, ஒரு பிரிஞ்சி இலை, தட்டிய மிளகு ஒரு தேக்கரண்டி, மஞ்சள் தூள் கால் தேக்கரண்டி. இறைச்சியைத் திரும்பப் போட்டு இரண்டரை லிட்டர் குளிர்ந்த தண்ணீர் ஊற்றி, அடியில் ஒட்டியதைச் சுரண்டிவிடுங்கள்.

கொதி வரும்போது மேலே திரளும் நுரையை எடுத்துவிட்டு அடுப்பைக் குறையுங்கள். தளதளவென்று கொதிக்கக் கூடாது. அங்கொன்றும் இங்கொன்றுமாகக் குமிழ் வந்தால் போதும். இரண்டரை முதல் மூன்று மணி நேரம். வேகமாகக் கொதிக்கவிட்டால் கொழுப்பு குழம்போடு கலந்து கலங்கிப்போகும், இறைச்சி இறுகும். அவசரமென்றால் பிரஷர் குக்கரில் 45 நிமிடம், பிறகு ஆவி தானாக அடங்கும் வரை திறக்காதீர்கள். எலும்பிலிருந்து சதை கரண்டி பட்டதும் கழன்றால் பதம் வந்துவிட்டது. முடிந்தவர்கள் இந்த இடத்தில் நிறுத்தி, குழம்பை ஆறவைத்து இரவு ஃபிரிட்ஜில் வையுங்கள். காலையில் குழம்பு கட்டியாகத் தளும்பும். நீங்கள் தேடிய கெட்டித் தன்மை அதுதான், அதில் மாவு ஒரு துளி இல்லை. மேலே உறைந்த கொழுப்பையும் வேண்டிய அளவு வழித்து எடுக்கலாம்.

காய்கள்: காலிஃபிளவர் 300 கிராம், முட்டைக்கோஸ் 250, டர்னிப் 200, தக்காளி இரண்டு, பீன்ஸ் 150, கீரை ஒரு கட்டு, நிறத்துக்கு ஒரு சின்ன கேரட். டர்னிப்பை உருளைக்கிழங்கு மாதிரி சதுரமாக நறுக்கினால் கண்ணுக்கு வித்தியாசம் தெரியாது. மாவுச்சத்து உருளைக்கிழங்கில் இருப்பதில் கால் பங்குதான். கடையில் தட்டோடு விற்கும் சூப் பேக்கை வாங்கினால் அதிலுள்ள உருளைக்கிழங்கையும் பட்டர்நட்டையும் வேறொரு நாள் குடும்பத்தாருக்கு வைத்துக்கொள்ளுங்கள். மதும்பி (சேப்பங்கிழங்கு), மீலி (மக்காச்சோளம்), சுகர் பீன்ஸ் (காய்ந்த பீன்ஸ் விதை) இந்தப் பானைக்கு வேண்டாம்.

எல்லாவற்றையும் ஒன்றாகக் கொட்டாதீர்கள். முதலில் டர்னிப், கேரட். எட்டு நிமிடம் கழித்து முட்டைக்கோஸும் பீன்ஸும். அவை முக்கால் வெந்ததும் தக்காளி, ஏனென்றால் புளிப்பு முதலிலேயே சேர்ந்தால் காய் வேக மறுக்கும், பீன்ஸின் பச்சையும் போய்விடும். காலிஃபிளவரைத் தனியாக அதே குழம்பில் கொஞ்சம் எடுத்து நன்றாக வேகவைத்து மசித்துக் கடைசியில் கலக்குங்கள். இங்கே ஸ்பினாச் என்று விற்பது பெரும்பாலும் ஸ்விஸ் சார்டு. அதன் தண்டுக்கு ஆறு நிமிடம் வேண்டும், இலைக்கு இரண்டு போதும், ஆகவே பிரித்துப் போடுங்கள். ஒன்றரைத் தேக்கரண்டி உப்பு முழுப் பானைக்கும் போதும். இறக்கிய பிறகு கொத்தமல்லி, பாதி எலுமிச்சை.

இப்போது ஒரு கிண்ணத்தில் மாவுச்சத்து சுமார் 10 கிராம், புரதம் 25 கிராமை ஒட்டி. வயிறு நிறையும், ரொட்டியைக் கை தேடாது.

ஸ்டாக் கட்டி போடலாமா? போட வேண்டாம், தயவுசெய்து. நாளைக்கு 5 கிராம் உப்புக்குள் நிற்கச் சொல்கிறது உலக சுகாதார நிறுவனம். கட்டியின் லேபிளில் முதலில் எழுதியிருப்பதே பெரும்பாலும் உப்புதான். நம் நாட்டில் 2016 ஜூன் முதல் சூப் பவுடர், ஸ்டாக் கட்டி உள்ளிட்டவற்றில் உப்புக்குச் சட்டப்படி உச்சவரம்பு வந்துவிட்டது உண்மைதான். அதற்காக இரண்டு கட்டி போட்டால் ரத்த அழுத்தம் சட்டம் பார்த்துக்கொண்டு நிற்காது. வியன்னா, பொலோனி போன்ற பதப்படுத்திய இறைச்சியை நறுக்கிச் சேர்ப்பதையும் விடுங்கள். அதில் இறைச்சியோடு மாவும் சேர்த்துத்தான் அரைத்திருக்கிறார்கள்.

பானையை இரவு முழுக்க அடுப்பின் மேலேயே வைத்துவிட்டுக் காலையில் ஒரு கொதி விட்டால் சரியாகிவிடும் என்பது ஆபத்தான நம்பிக்கை. இறைச்சிக் குழம்பில் வளரும் குளோஸ்டிரிடியம் பெர்ஃபிரின்ஜென்ஸ் கிருமியின் வித்துகள் கொதிநீரில் சாவதில்லை. குழம்பு மெல்ல ஆறும்போது விழித்துப் பெருகும். அகலமான பாத்திரங்களில் ஆழமில்லாமல் பிரித்து ஊற்றி, பாத்திரத்தைத் தண்ணீரில் நிறுத்தி ஆறவைத்து, இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜுக்குள் வையுங்கள். மூன்று நாளுக்குள் தீர்த்துவிடுங்கள், மிச்சத்தை ஃபிரீசரில் வையுங்கள். மின்சாரம் போனால் ஃபிரிட்ஜைத் திறக்காமல் விட்டால் நாலு மணி நேரம் தாங்கும், அதற்கு மேல் போனால் சூப்பைக் கொட்டிவிடுங்கள். மனசு கேட்காதுதான், ஆனாலும் கொட்டுங்கள்.

கடைசியாக ஒன்றைக் கெஞ்சிக் கேட்கிறேன், ஏனென்றால் இதில்தான் உயிராபத்து. கிளிக்லாசைடு, கிளிமெபிரைடு, கிளிபென்கிளமைடு மாத்திரை எடுப்பவர்களும் இன்சுலின் போடுபவர்களும் மருந்தளவை மாற்றாமல் திடீரென்று மாவுச்சத்தை வெட்டினால் சர்க்கரை தாழ்ந்துவிடும். நடுக்கம், வியர்வை, குழப்பம் வந்து அளவு 4 mmol/L-க்குக் கீழே இருந்தால் மூன்று தேக்கரண்டி சர்க்கரையைத் தண்ணீரில் கரைத்துக் குடித்து, பதினைந்து நிமிடத்தில் மறுபடி சோதியுங்கள். எம்பாகிளிஃப்ளோசின், டாபாகிளிஃப்ளோசின் எடுப்பவர்களுக்கு வேறொரு ஆபத்து: மாவுச்சத்து மிகக் குறைந்தால் சர்க்கரை அதிகம் ஏறாமலேயே ரத்தம் அமிலமாகலாம். வாந்தி, வயிற்று வலி, மூச்சு வாங்குதல் வந்தால் வீட்டில் காத்திருக்கக் கூடாது. சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் கவனிக்க வேண்டியது பொட்டாசியம்: காய் வெந்த நீரில் அது இறங்கியிருக்கும். கவுட் என்னும் யூரிக் அமில மூட்டுவலி உள்ளவர்கள் கவனிக்க வேண்டியது, உடலில் யூரிக் அமிலமாக மாறும் பியூரின்: நீண்ட நேரம் வெந்த எலும்புக் குழம்பில் அது இறங்கியிருக்கும். ரத்தம் உறையாமல் தடுக்கும் வார்ஃபரின் எடுப்பவர்கள் கீரையைத் திடீரென்று கூட்டவோ குறைக்கவோ கூடாது. இவர்களில் யாராக இருந்தாலும் பானையை ஏற்றுவதற்கு முன் மாத்திரை அட்டையோடு கிளினிக்குக்குப் போய், "மாவுச்சத்தைக் குறைக்கப் போகிறேன், என் அளவை என்ன செய்ய வேண்டும்?" என்று கேட்டுவிட்டு வாருங்கள்.