விபத்துக் காயத்துக்கு நியாயமான இழப்பீடு: கணக்கு எப்படிப் போடப்படுகிறது?

சாலை விபத்தில் காயமடைந்தவருக்கு எவ்வளவு இழப்பீடு தர வேண்டும் என்பதற்கு, இந்தியாவின் 1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் பொதுவான ஒரு தொகையைக் குறிப்பிட்டு நின்றுவிடவில்லை. விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயம் தனக்கு நியாயமாகத் தோன்றும் தொகையை வழங்க வேண்டும் என்கிறது அதன் 168-ஆம் பிரிவு. அந்த நியாயத்துக்கு உருவம் கொடுத்தவை உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளே.

2010-ஆம் ஆண்டின் ராஜ்குமார் எதிர் அஜய்குமார் தீர்ப்பின்படி, மருத்துவச் செலவோடு போக்குவரத்து, சத்துணவு ஆகிய செலவுகளும், சிகிச்சைக் காலத்தில் இழந்த வருமானமும், உடல் பட்ட வேதனைக்கான தொகையும் கணக்கில் வரும். காயம் கடுமையானதாக இருந்து, மருத்துவச் சான்று அதை உறுதிசெய்தால், நிரந்தர ஊனத்தால் இனி இழக்கப்போகும் வருமானம், வருங்காலச் சிகிச்சைச் செலவு, இயல்பு வாழ்க்கையின் சுகங்களை இழந்ததற்கான ஈடு ஆகியவையும் சேரும்.

பெரும்பாலான வழக்குகளில் குழப்பம் வருவது ஊனச் சதவீதத்தில்தான். மருத்துவர் 45 சதவீதம் என்று சான்றளித்தால் வருமான இழப்பும் 45 சதவீதம் என்றாகிவிடாது. அந்தக் காயம் இந்த மனிதரின் இந்தத் தொழிலை எந்த அளவு முடக்கியது என்பதையே தீர்ப்பாயம் பார்க்க வேண்டும். இடது கையை இழந்த ஓட்டுநருக்கோ தச்சருக்கோ பிழைப்பே போய்விடலாம். அதே கையை இழந்த அரசு எழுத்தர் வேலையில் தொடரலாம் என்று அத்தீர்ப்பே எடுத்துக்காட்டுகிறது. ஆகவே சான்றிதழைத் தாக்கல் செய்வதோடு நிற்காமல், செய்துவந்த வேலை என்ன, அதில் எதை இப்போது செய்ய முடியவில்லை என்பதைச் சாட்சியத்தில் விளக்கமாகச் சொல்வது அவசியம். பல மனுக்களில் இந்தப் பகுதிக்கு ஒரே வரிதான் ஒதுக்கப்படுகிறது என்பது வருந்தத்தக்கது.

ஓர் உதாரணம் பார்ப்போம். மாதம் 15,000 ரூபாய் ஈட்டிய, 32 வயதான, சுயதொழில் செய்யும் தையற்காரர் ஒருவருக்குக் காலில் காயம்பட்டு, தொழில் திறனில் 30 சதவீதம் குறைந்துவிட்டதாகத் தீர்ப்பாயம் முடிவுசெய்கிறது என்று கொள்வோம். 40 வயதுக்குட்பட்ட சுயதொழிலாளி என்பதால் வருங்கால உயர்வுக்காக 40 சதவீதம் கூட்டினால் மாத வருமானம் 21,000 ரூபாய், ஆண்டுக்கு 2,52,000 ரூபாய். 31 முதல் 35 வயது வரையிலானோருக்குரிய பெருக்கெண், அதாவது வயதுக்கேற்ப ஆண்டு வருமானத்தைப் பெருக்க வேண்டிய எண், 16; பெருக்கினால் 40,32,000. அதில் 30 சதவீதமான 12,09,600 ரூபாய் வருமான இழப்புக்கு மட்டும் உரியது. உயிரிழந்தோர் வழக்கில் செய்வதுபோல், சொந்தச் செலவுக்கென்று இதில் எதையும் கழிக்கக் கூடாது.

யார்மீது தவறு என்று நிரூபிக்காமலே இழப்பீடு பெற 164-ஆம் பிரிவு வழிசெய்கிறது: கொடுங்காயத்துக்கு 2.5 லட்சம், உயிரிழப்புக்கு 5 லட்சம் ரூபாய். தீர்ப்புக்காகக் காத்திருக்க இயலாத குடும்பத்துக்கு இது உதவிதான். ஆனால் 149-ஆம் பிரிவின் நடைமுறைப்படி அத்தொகையை ஏற்றுக்கொண்டால், 166-ஆம் பிரிவில் தீர்ப்பாயத்தின் முன் உள்ள மனு காலாவதியாகிவிடும். மேலே கண்ட தையற்காரர் அவசரத்தில் கையெழுத்திட்டால் எவ்வளவு இழப்பார் என்பதைக் கணக்கே காட்டுகிறது. மோதிய வாகனம் எதுவென்று தெரியாவிட்டால், 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் உள்ள தனித் திட்டத்தின்கீழ் கொடுங்காயத்துக்கு 50,000 ரூபாயும் உயிரிழப்புக்கு 2 லட்சம் ரூபாயும் கிடைக்கும்.

மனுவை விபத்து நடந்த இடம், மனுதாரர் வசிக்கும் அல்லது தொழில் செய்யும் இடம், எதிர்மனுதாரர் வசிக்கும் இடம் ஆகியவற்றுள் எதற்குரிய தீர்ப்பாயத்திலும் தாக்கல் செய்யலாம். சட்டத் திருத்தம் விதித்த ஆறு மாதக் கெடு உச்ச நீதிமன்றத்தில் எதிர்க்கப்பட்டிருந்தாலும், அதை நம்பித் தாமதிக்காமல் கெடுவுக்குள் தாக்கல் செய்வதே பாதுகாப்பு. முதல் தகவல் அறிக்கை, காயச் சான்றிதழ், டிஸ்சார்ஜ் சம்மரி, மருந்து ரசீதுகள், வருமானச் சான்று, மருத்துவக் குழுவின் ஊனச் சான்றிதழ் ஆகியவற்றைத் தொடக்கத்திலிருந்தே சேர்த்துவைக்க வேண்டும். மனுவில் குறைவான தொகையைக் கேட்டுவிட்டோமே என்று கவலைப்பட வேண்டியதில்லை. சாட்சியம் இடம் கொடுத்தால், கேட்டதைவிட அதிகமாக வழங்கவும் தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் உண்டு. வழங்கிய தொகை போதாதெனில் 90 நாட்களுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம்.